பத்தில் நின்ற இசை

நேற்று மாலை மூன்றில் வைத்துவிட்டுப் போன இசை இன்றைக்கும் பத்தில் நின்றது.

துர்கா ஹெட்போனைக் கழுத்துக்கு இறக்கிவிட்டுத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். கேமின் செட்டிங்ஸ் பக்கத்தில் இரண்டு கோடுகள் இருந்தன. மேல் கோடு பின்னணி இசைக்கு. கீழ்க் கோடு மற்ற சத்தங்களுக்கு, அதாவது அலை, காற்று, காலடி, கதவு. ஒவ்வொரு கோட்டிலும் மவுஸால் பிடித்து நகர்த்துகிற சின்ன நீலக் குமிழ் ஒன்று. பூஜ்யத்திலிருந்து பத்து வரை நகரும். மேல் குமிழை அவள் தினமும் மூன்றில் கொண்டுபோய் நிறுத்துகிறாள். மறுநாள் வந்து பார்த்தால் பத்தில் இருக்கிறது. இது ஆறாவது நாள்.

கேமே அப்படிச் செய்கிறதோ என்று மறுபடி மூன்றில் வைத்துக் கம்ப்யூட்டரை அணைத்துப் போட்டுப் பார்த்தாள். குமிழ் மூன்றிலேயே இருந்தது. பள்ளிக்கூடத்தில் பதினோரு வருஷமாகக் கம்ப்யூட்டர் சொல்லிக்கொடுக்கிறவள் அவள். ஒரு எண் தானாக மாறாது என்று தெரியும். யாரோ மாடிக்கு ஏறி வந்து, இந்த நாற்காலியில் உட்கார்ந்து, கேமைத் திறந்து, குமிழைத் தள்ளிவிட்டு, மூடிவிட்டு இறங்கிப் போகிறார்கள். வீட்டில் இருப்பது மூன்று பேர். அதில் ஒருவரால் எழுந்து உட்காரக்கூட முடியாது.

மழை மாதம் தொடங்கியிருந்தது. சேலையூரில் அவர்கள் தெருவுக்குள் தண்ணீர் வந்து இரண்டு நாள் ஆகியிருந்தது. ஜன்னலுக்கு வெளியே சாக்கடையும் ஈர மண்ணும் அழுகிய மாவிலையும் கலந்த வாசனை. தூரத்தில் தாம்பரத்தை நோக்கிப் போகிற மின்சார ரயிலின் நீண்ட ஊளை மழைக்குள் கரைந்து கரைந்து கேட்டது. கீழேயிருந்து டெட்டாலும் முகப்பவுடரும் மாடிப்படி வழியாக ஏறி வந்தன. அது அப்பாவின் வாசனை. ஜூன் மாதத்திலிருந்து அந்த வீட்டுக்கே அதுதான் வாசனை.

அப்பா சத்தியநாதன் ரயில்வேயில் முப்பத்தெட்டு வருஷம் வேலை பார்த்தவர். ஒருநாள் காலையில் பல் துலக்கிக்கொண்டிருந்தபோது வாய் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டது. வலது கை, வலது கால், பேச்சு மூன்றும் அன்றைக்கே போய்விட்டன. மிஞ்சியது இடது கையும் கண்களும். துர்காதான் அந்த இடது கைக்கு ஒரு பாஷை சொல்லிக்கொடுத்தாள். விரலில் கிடந்த வெள்ளி மோதிரத்தால் இரும்புக் கட்டிலின் கம்பியை மூன்று முறை தட்ட வேண்டும். ணங், ணங், ணங். தட்டினால் அவள் வருவாள். பள்ளிக்கூடத்தில் இருக்கிற நேரம் போக, பகலும் இரவும் அந்த மூன்று தட்டலுக்காகவே காதைத் தீட்டி வைத்துக்கொண்டு வாழ்ந்தாள். தூக்கத்திலும் கேட்கும். குளிக்கும்போதும் கேட்கும். ஒன்றுமில்லாதபோதும் கேட்கும்.

ஆகஸ்டில் அண்ணன் பரணி பெங்களூரிலிருந்து வந்தான். வேலையை விட்டுவிட்டதாகச் சொன்னான். அண்ணியும் குழந்தையும் அங்கேயே இருந்தார்கள். ஒரு சூட்கேஸ், அட்டைப்பெட்டியில் ஒரு கம்ப்யூட்டர். வந்த அன்றே தங்கையின் முகத்தை இரண்டு கையாலும் ஏந்திப் பார்த்தான்.

"எப்படி ஆயிட்ட பாப்பா? கண்ணாடில பாத்தியா நீ? இனிமே சாயங்காலம் அஞ்சுலேருந்து ஆறரை வரைக்கும் அப்பா என் பொறுப்பு. நீ மேல போ. உலகத்தை மறந்துடு."

அன்றைக்கு அவள் சமையலறையில் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள். அம்மா போனபிறகு அவளைப் பாப்பா என்று கூப்பிட அந்த வீட்டில் யாரும் இல்லை.

கேமை அறிமுகப்படுத்தியதும் பரணிதான். ஆளில்லாத ஒரு தீவு. ஒரு படகுத்துறை, ஒரு கலங்கரை விளக்கம், பூட்டிய வீடுகள். சண்டை கிடையாது, சுடுவது கிடையாது. நடந்துகொண்டே இருக்க வேண்டும், சாவிகளைத் தேட வேண்டும். கூடவே வயலின்கள் நூறு சேர்ந்து வாசிப்பதுபோல ஓர் இசை, அலை மாதிரி ஏறும், இறங்கும்.

"ஹெட்போன் போட்டுக்கோ. அப்பா தூங்கணும்ல. மியூசிக்கை நல்லா வெச்சுக்கோ, இந்த கேமுக்கு அதான் உயிர்," என்றான்.

அவள்தான் மூன்றுக்குக் குறைத்தாள். அப்பா தட்டினால் கேட்க வேண்டுமே.

*

ஏழாவது நாள் குமிழ் பத்தில் இருந்ததைப் பார்த்து அவளுக்கு ஏனோ கோபம் வந்தது. மூன்று வேண்டாம் என்று ஒரேயடியாகப் பூஜ்யத்துக்கு இழுத்துவிட்டாள்.

வயலின்கள் நின்றன. தீவு திடீரென்று பெரிதாகிவிட்டதுபோல இருந்தது. அலைகள் வந்து படகுத்துறைப் பலகையில் மோதுகிற சத்தம், காற்று ஏதோ ஒரு ஓட்டைக் கதவைத் தொட்டுப் போகிற சத்தம், அவளுடைய காலடிகள் சரளைக்கல்லில் நெரிபடுகிற சத்தம், இவ்வளவு நாள் இசை தன் அடியில் மூடி வைத்திருந்த அத்தனையும் ஒவ்வொன்றாக வெளியே வந்தன. அவள் கலங்கரை விளக்கத்தின் படிகளில் ஏறினாள்.

ணங், ணங், ணங்.

எழுந்து ஓடினாள். ஹெட்போன் வயர் இழுபட்டு மேசையில் விழுந்தது. மாடிப்படியின் தலைப்பில் வந்து நின்று காதைக் கொடுத்தாள். மழை. தவளைகள். கீழே ஒரு சத்தமும் இல்லை. அப்பா அறையின் கதவு சாத்தியிருந்தது.

இறங்கிப் போய்த் திறந்தாள். பரணி கட்டிலருகே ஸ்டூலில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தான். அப்பா கழுத்துவரை போர்வை போர்த்திப் படுத்திருந்தார். கண்கள் திறந்திருந்தன. நேராக அவளையே பார்த்தன.

"என்ன பாப்பா?"

"அப்பா தட்டினாரா?"

"இல்லையே. இப்பத்தான் கஞ்சி குடிச்சார். குளிருதுன்னு போர்த்திவிட்டேன்."

"கதவு ஏன் சாத்தியிருக்கு?"

"கொசும்மா. மழைத் தண்ணி நிக்குதுல்ல."

அவள் மாடிக்குத் திரும்பினாள். ஹெட்போனை எடுத்துக் காதில் வைத்தாள்.

ணங், ணங், ணங்.

கழற்றினாள். மழை மட்டும். வைத்தாள். ணங், ணங், ணங். விட்டு விட்டு, பொறுமையாக, அப்பா எப்போதும் தட்டுகிற அதே இடைவெளியில். ஆனால் சத்தம் கீழேயிருந்து வரவில்லை. இரண்டு காதுக்கும் நடுவிலிருந்து வந்தது.

இரவு சாப்பிடும்போது அண்ணனிடம் சொன்னாள். அவன் சிரித்தான்.

"பர்மா பஜார்ல வாங்கின சிடி அது. திருட்டு காப்பி. உள்ள என்னென்ன சத்தம் கிடக்கோ. அதுக்குத்தான் மியூசிக்கைக் கூட்டி வெச்சுக்கன்னு சொன்னேன். அப்ப கேக்காது."

அவள் தட்டில் ரசத்தைப் பிசைந்துகொண்டே கேட்டாள். "தினமும் பத்துக்கு மாத்தறது நீதானா அண்ணா?"

"நானேதான். நீ நிம்மதியா ஆடணும்னுதான். ஏன், தப்பா?"

இவ்வளவு சுலபமாக ஒத்துக்கொண்டதும் அவள் தட்டை எடுத்துக்கொண்டு எழுந்தாள்.

*

வியாழக்கிழமை மாலை ஐந்தரைக்குக் கரண்ட் போனது. யூபிஎஸ் நான்கு முறை கத்திவிட்டு அடங்கியது. திரை ஒரு புள்ளியாகச் சுருங்கி மறைந்தது. மாடி அறையில் மழைச் சாயங்காலத்தின் சாம்பல் வெளிச்சம் மட்டும் மிச்சம். கம்ப்யூட்டருக்குள் சுற்றிக்கொண்டிருந்த விசிறி மெல்ல மெல்ல நின்றது.

துர்கா ஹெட்போனைக் கழற்றக் கையைத் தூக்கினாள்.

ணங், ணங், ணங்.

கை அப்படியே நின்றது.

ணங், ணங், ணங்.

கம்ப்யூட்டர் செத்துக் கிடந்தது. பெட்டியில் ஒரு விளக்குகூட எரியவில்லை. வயரைத் தடவிக்கொண்டே போய்ப் பின்பக்கத்திலிருந்து பிடுங்கினாள். வயரின் நுனி, அந்தச் சின்ன மஞ்சள் முனை, அவள் உள்ளங்கையில் இருந்தது. எதிலும் சேராமல்.

ணங், ணங், ணங். ணங்ணங்ணங். ணங்ணங்ணங்.

இடைவெளி குறைந்துகொண்டே வந்தது. அப்பா இப்படித் தட்டினதே இல்லை. மலம் கழிந்து விடியும்வரை அப்படியே கிடந்த இரவில்கூட இப்படித் தட்டவில்லை.

ஹெட்போனை வீசிவிட்டுப் படியிறங்கினாள். பாதி வழியில் முகத்தில் டார்ச் வெளிச்சம் விழுந்தது. பரணி கீழ்ப்படியில் நின்றுகொண்டிருந்தான். சும்மா நின்றான். அவள் வருவாள் என்று தெரிந்து நிற்பவன்போல.

"கரண்ட் போச்சுன்னு பயந்துட்டியா பாப்பா?"

"அப்பாவைப் பாக்கணும்."

"வா, பாரு."

அவன் டார்ச்சை அப்பா முகத்தில் அடிக்கவில்லை, சுவரில் அடித்தான். போர்வை கழுத்துவரை இருந்தது. இடது பக்கத்தில் போர்வை கொஞ்சம் மேடாக இருந்தது. அந்த மேடு அசையவில்லை. அப்பாவின் கண்ணோரத்திலிருந்து காதுவரை ஈரமாக ஒரு கோடு மின்னியது. அவர் அவளைப் பார்த்தார். பிறகு போர்வை மேட்டைப் பார்த்தார். பிறகு மறுபடி அவளை.

போர்வையை விலக்கினால் போதும். இரண்டடி தூரம். அவள் பக்கத்திலேயே அண்ணன் மூச்சு விடுகிற சத்தம் கேட்டது.

"அப்பாவுக்கு வேர்க்குதே அண்ணா."

"வேர்வை இல்ல, கண்ணுல மருந்து விட்டேன்."

அவள் தலையாட்டினாள். வெளியே வந்துவிட்டாள்.

*

மறுநாள் காலை, அப்பாவைக் குளிப்பாட்ட வருகிற அங்காளம்மா வாளியோடு கொல்லைப்பக்கம் போனவள், துர்காவைக் கை காட்டிக் கூப்பிட்டாள். மாமரத்துக்கு அந்தப்புறம் இழுத்துப்போய்க் குரலைத் தாழ்த்தினாள்.

"டீச்சரம்மா, நா ஒண்ணு சொன்னா தப்பா எட்த்துக்க மாட்டியே?"

"சொல்லுங்க."

"பெரிவரு கட்டவெரல்ல மை கீது. இடது கையி. தேச்சுத் தேச்சுக் கழுவறேன், போவல. மணிக்கட்டுல ரத்தங்கட்டிக் கீது, துணி வெச்சு கட்டுன மாரி. மோதரத்த வேற காணோம்."

துர்கா வீட்டுப் பக்கம் திரும்பிப் பார்த்தாள்.

"மின்னாடி சாய்ந்தரமும் வந்து பாத்துக்கினு இருந்தேன்ல? உங்கண்ணன்தான் வேணாம்னுட்டாரு. நேத்து இட்லிக்கடைல நின்னுகினு இருந்தேன். பேண்ட் போட்ட ஆளுங்க ரெண்டு பேரு உங்க வூட்டுக்குள்ள போனாங்க. அஞ்சு, அஞ்சேகாலு இருக்கும். நீ எங்கம்மா இருந்த?"

"மேல."

"மேல இன்னா பண்ணிக்கினு இருந்த?"

முப்பத்து நாலு வயசில், அப்பா கட்டிலில் கிடக்கும்போது, மாடியில் உட்கார்ந்து கம்ப்யூட்டரில் விளையாடிக்கொண்டிருந்தேன் என்று அந்தப் பெண்ணிடம் சொல்ல அவளுக்கு வாய் வரவில்லை.

பரணியிடம் கேட்டபோது அவன் கண்ணைக்கூடத் தாழ்த்தவில்லை. நவம்பர் மாதம், அப்பா பென்ஷனுக்கு லைஃப் சர்டிபிகேட் கொடுக்க வேண்டும், கையெழுத்துப் போட முடியாது, அதனால் கைநாட்டு. வந்தவர்கள் அதற்குச் சாட்சி. மணிக்கட்டில் கட்டியது டாக்டர் சொல்லித்தான், சிறுநீர் டியூபைப் பிடுங்கிவிடுகிறார். விரல் வீங்கியிருந்ததால் மோதிரத்தைக் கழற்றினேன், இதோ என் பையில் இருக்கிறது பார்.

எல்லாவற்றுக்கும் பதில் இருந்தது. எல்லாம் நியாயமாகவும் இருந்தது.

"அங்காளம்மா சொன்னாளா? வேலைக்காரி பேச்சைக் கேட்டு என்னைச் சந்தேகப்படறியா பாப்பா? குடும்பத்தை அங்க விட்டுட்டு எதுக்கு வந்தேன் நான்?"

அவன் குரல் உடைந்தது. அவன் அழுதான். உண்மையிலேயே அழுதான்.

மதியம் பள்ளிக்கூடத்து ஆபீஸில் யாரும் இல்லாதபோது துர்கா டாக்டரின் நம்பரைப் போட்டாள். கையைக் கட்டச் சொன்னீர்களா என்று ஒரே ஒரு கேள்வி. மணி அடித்தது. இரண்டாவது மணியில் ரிசீவரை வைத்துவிட்டாள். ஆமாம் என்று அவர் சொன்னால் பரவாயில்லை. இல்லை என்று சொல்லிவிட்டால்? அதற்குப் பிறகு அவளுக்கு அண்ணன் கிடையாது. அந்த ஒன்றரை மணி நேரம் கிடையாது. மறுபடி அந்தத் தூக்கமில்லாத ராத்திரிகள், தனியாக, எத்தனை வருஷத்துக்கு என்று தெரியாமல். ரிசீவர்மேல் வைத்த கையை எடுக்க அவளுக்கு வெகுநேரம் ஆயிற்று.

*

அன்றைக்கு மாலை பரணி அப்பா அறைக்குள் போய்க் கதவைச் சாத்தியபோது மணி ஐந்து. துர்கா மாடிக்கு ஏறினாள். கேமைத் திறந்தாள். முந்தின நாள் அவள் வைத்த மூன்றிலேயே குமிழ் இருந்தது. அன்றைக்கு அதை யாரும் தொடவில்லை. ஹெட்போனைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். போடாமலேயே இருந்துவிடலாம். போடாவிட்டால் வீடு அமைதியாகத்தான் இருக்கிறது. கையைக் கட்டிவிட்டால் யாரால் தட்ட முடியும்? அதனால்தான் அமைதி.

கட்டிய கை. தட்ட முடியாத கை. ஆனாலும் அவர் தட்டிக்கொண்டுதான் இருக்கிறார். கம்பியில் கேட்காதது இங்கே கேட்கிறது. அவளுக்கு மட்டும். வேறு யாரிடமும் அவரால் வர முடியவில்லை.

போட்டாள்.

வயலின்கள் மூன்றில், சன்னமாக. அதற்குமேல், ஓங்கி, காதே அதிரும்படி, ணங்ணங்ணங் ணங்ணங்ணங் ணங்ணங்ணங். இடைவெளியே இல்லை.

படிகளில் இறங்கினாள். வெறுங்காலோடு. கதவுக்கு வெளியே நின்றாள். கட்டில் ஒருமுறை கிறீச்சிட்டது. பரணி யாரையோ தாலாட்டுவதுபோல மெதுவாகப் பேசிக்கொண்டிருந்தான். "ஒண்ணுமில்லப்பா. ஒண்ணுமில்ல. கொஞ்ச நேரந்தான்."

"அண்ணா?"

பேச்சு நின்றது.

"ஒண்ணுமில்ல பாப்பா. அப்பா தூங்கறார். நீ மேல போ."

கதவுக்குத் தாழ்ப்பாள் கிடையாது. அம்மா இருந்த காலத்திலேயே உடைந்துபோனது. கையை வைத்துத் தள்ளினால் திறந்துவிடும். துர்கா கையை வைத்தாள். மரம் மழையில் ஊதி ஈரமாக இருந்தது. தள்ளவில்லை. தள்ளினால் பார்க்க வேண்டியிருக்கும். பார்த்துவிட்டால் பார்த்ததுதான்.

"சரிண்ணா," என்றாள்.

மேலே ஏறினாள். உட்கார்ந்தாள். ஹெட்போனைப் போட்டாள். ஏன் போட்டாள் என்று பிறகு எத்தனையோ முறை கேட்டுக்கொண்டாள். பதில் கிடைத்ததில்லை.

ணங்ணங்ணங். ணங்ணங்ணங்.

மவுஸைப் பிடித்தாள். குமிழைத் தள்ளினாள். நான்கு. ஐந்து. தட்டல் கேட்டது. ஏழு. கேட்டது. எட்டு, ஒன்பது. வயலின்கள் எழும்பின. கடைசியாக ஒரு ணங். ஒன்றே ஒன்று.

பத்து.

தீவில் வெயில் அடித்தது. நூறு வயலின்கள் சேர்ந்து வாசித்தன. அவள் ஆறரை வரைக்கும் சாவிகளைத் தேடிக்கொண்டிருந்தாள்.

*

அப்பா இறந்தது இரண்டாவது ஸ்ட்ரோக்கால் என்று டாக்டர் எழுதிக்கொடுத்தார். இப்படி வருவது சகஜம்தான் என்றார். பதினாறாம் நாள் காரியம் முடிந்து சொந்தக்காரர்கள் கிளம்பியபிறகு பரணி ஒரு பழுப்பு நிற உறையை எடுத்து மேசைமேல் வைத்தான். உயில். வீடு முழுவதும் மகன் பரணிக்கு. கீழே நீலக் கறையாக ஒரு இடது கட்டைவிரல். ரேகை தெளிவாக இல்லை. விரல் இழுபட்டதுபோல ஓரத்தில் தேய்ந்திருந்தது.

"இந்த வீடு துர்காவுக்குன்னு அப்பா எத்தனை தடவை சொல்லியிருக்கார்? உன் முன்னாடியே சொன்னாரே அண்ணா."

"மனசு மாறியிருக்கும்."

"அவர் கையைக் கட்டி, விரலைப் பிடிச்சு..." அவளால் முடிக்க முடியவில்லை. "அன்னைக்குச் சாயங்காலம் உள்ள என்ன பண்ணின? நான் போலீசுக்குப் போவேன்."

பரணி அவளைப் பார்த்தான். கோபமில்லை. அந்த முகத்தில் ஒரு பரிவுகூட இருந்தது. அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

"போ. போய்ச் சொல்லு. நீ எங்க இருந்தேன்னு கேப்பாங்க. மேல இருந்தேன்னு சொல்லு. கதவுக்கு வெளிய வந்து நின்னியே, அதையும் சொல்லு."

அவள் உறையின்மேல் கை வைத்தாள்.

"அப்பா போனப்புறம் உன்னைக் கூப்பிட நான்தான் மேல வந்தேன். திரையைப் பாத்தேன். அதுக்கு முன்னாடி அன்னைக்கு நான் மாடிக்கே ஏறலை பாப்பா. பத்துல வெச்சது யாரு?"

வெளியே தெருவில் யாரோ சைக்கிளில் மணியடித்துக்கொண்டு போனார்கள். அவன் உறையை மடித்துப் பையில் வைத்துக்கொண்டான். எழுந்து அவள் தலையில் கை வைத்தான், சின்ன வயசில் வைப்பதுபோல.

"நம்ம ரெண்டு பேருக்கும் தெரிஞ்சது நம்மோடவே இருக்கட்டும்."

பொங்கலுக்குள் வீட்டை இடித்துவிட்டார்கள். அடுக்குமாடி வருகிறது என்று தட்டி கட்டினார்கள். துர்கா மாடம்பாக்கத்தில் கோயிலுக்குப் பின்தெருவில் ஒரு அறையும் சமையலறையும் உள்ள போர்ஷனுக்கு வாடகைக்குப் போனாள். கம்ப்யூட்டர் வாங்கவில்லை. ரேடியோ வைத்துக்கொள்ளவில்லை. செல்போனைக்கூடக் காதில் ஒட்டாமல் தள்ளிப் பிடித்துப் பேசினாள். எங்கேயும் எதுவும் கேட்கவில்லை. ஒரு மாதம், இரண்டு மாதம். மெல்ல மெல்லத் தூக்கம் வந்தது. அங்காளம்மா ஒருமுறை கேம்ப் ரோடில் எதிரில் வந்தாள். துர்காவைப் பார்த்தாள். பேசாமல் சாலையைக் கடந்து அந்தப் பக்கம் போய்விட்டாள்.

*

மார்ச் மாதம். பகல் பதினொன்றரை மணி. வெயில் லேபின் ஜன்னல் வழியாகச் சதுரம் சதுரமாகத் தரையில் விழுந்திருந்தது. ஏசி சின்னதாக முனகியது. எட்டாம் வகுப்புப் பெண்கள் பதினெட்டு பேர், பதினெட்டு கம்ப்யூட்டர். பரீட்சைக்கு முந்தைய கடைசி வகுப்பு. டைப்பிங் பழகுகிற கேம் ஒன்றை நிர்வாகம் புதிதாகப் போட்டிருந்தது. மேலேயிருந்து எழுத்துகள் மழைபோல விழும், தரையைத் தொடுவதற்குள் அடித்துவிட வேண்டும், கூடவே துள்ளலாக ஒரு மியூசிக். பிள்ளைகள் ஹெட்போன் போட்டுக்கொண்டு சிரித்துச் சிரித்து அடித்துக்கொண்டிருந்தார்கள். அத்தனை விசைகளும் சடசடவென்று. துர்கா மேசையில் விடைத்தாள் திருத்திக்கொண்டிருந்தாள். பல நாளைக்குப் பிறகு மனசு லேசாக இருந்தது.

முதல் வரிசையில் சுப்ரஜா ஒரு பக்கத்து ஹெட்போனை மட்டும் விலக்கிக் கை தூக்கினாள்.

"மிஸ்."

"என்னம்மா?"

"மியூசிக்குக்குள்ள யாரோ தட்டற மாதிரி இருக்கு மிஸ்."

துர்காவின் பேனா தாளில் நின்றது.

"மூணு மூணா தட்றாங்க. உங்களுக்குத் தெரியும்னு தோணுது மிஸ்." அந்தப் பெண் தலையைச் சாய்த்துக் கொஞ்ச நேரம் கேட்டாள். "குறைக்கட்டுமா? கூட்டட்டுமா?"

துர்கா நிமிர்ந்தாள்.

அப்போதுதான் கவனித்தாள். விசைகளின் சடசடப்பு நின்றுபோயிருந்தது. எப்போது நின்றதென்று தெரியவில்லை. சிரிப்பும் இல்லை. பதினெட்டுத் திரைகளிலும் எழுத்துகள் விழுந்துகொண்டேயிருந்தன, அடிக்க ஆளில்லாமல், ஒன்றன்மேல் ஒன்றாகக் குவிந்துகொண்டேயிருந்தன.

பிள்ளைகள் யாரும் திரையைப் பார்க்கவில்லை. அவளைப் பார்த்தார்கள். இமைக்காமல். வாய் ஒரு பக்கமாக இழுபட்டு, கடைவாயில் எச்சில் இறங்கி. வலது கைகள் மடியில் துணிபோலக் கிடந்தன.

பதினெட்டு இடது கைகள் மேசையின் இரும்பு விளிம்புக்கு மேலே தூக்கிய நிலையில் நின்றன. பிறகு, ஒரே சமயத்தில், இறங்கின.